வசனத்தைக் கேட்காத திரைப்பட ஆய்வு

2025இல் ‘தீவார்’, ‘ஷோலே’ ஆகிய இரு இந்திப் படங்களுக்கும் ஐம்பது ஆண்டுகள் நிறைந்தன. அதையொட்டி வெளிவந்த கட்டுரைகளையும் நடந்த உரைகளையும் என்னால் இயன்றவரை தொடர்ந்து வந்தேன். அமிதாப் பச்சனின் உடல்மொழி, நெருக்கடி நிலையின் நிழல், நகரமயமாதல், ஆண்மையின் நெருக்கடி, எழுபது மில்லிமீட்டர் திரை என்று எல்லாமே பேசப்பட்டன. இவ்விரு படங்களையும் எழுதிய சலீம் கானும் ஜாவேத் அக்தரும்கூடப் பேசப்பட்டார்கள். அவர்கள் வாங்கிய ஊதியம், ‘ஜஞ்சீர்’ வெளியானபோது பம்பாயின் சுவரொட்டிகள் மீது ஆள் வைத்துத் தம் பெயரை அச்சுத்தகடு கொண்டு எழுதச் செய்த துணிச்சல், பின்னர் ஏற்பட்ட பிரிவு ஆகியவை பேசப்பட்டன. அவர்கள் எழுதியது என்ன என்பது மட்டும் பேசப்படவில்லை. எழுத்தாளர்களைக் கொண்டாடும் ஒரு விழாவில் எழுத்து இடம்பெறாமல் போவது எவ்வாறு இயல்கிறது? இந்தப் பதிவு அதைப் பற்றியது. கொஞ்சம் நீளமானது, பொறுத்தருள்க.

என் வழக்கைத் தொடக்கத்திலேயே வைத்துவிடுகிறேன். சலீம்–ஜாவேத் இணையர் இந்தியத் திரைப்படத்துக்கு அளித்த தலையாய கொடை ‘கோபக்கார இளைஞன்’ என்னும் பாத்திரம் அன்று. அவர்கள் அளித்தது ஒரு பேச்சுமொழி. அதைப் பார்க்க முடியாமல் போனதற்குக் காரணம், நம் நாட்டில் திரைப்பட ஆய்வு என்ற பெயரில் நடப்பவற்றுள் பெரும்பகுதி ஆங்கிலத் துணைவரிகளை வாசித்து எழுதப்படுவதே.

இரண்டாவது கூற்று பலருக்குச் சினமூட்டும் என்று தெரியும். ஆகவே முதலில் ஓர் எடுத்துக்காட்டு.

‘தீவார்’ படத்தில் இரண்டு சகோதரர்கள் பாலத்தடியில் சந்திக்கும் காட்சி. மூத்தவன் விஜய் கடத்தல்காரன், இளையவன் ரவி காவல் அதிகாரி. மூத்தவன் தன்னிடம் உள்ளவற்றை அடுக்குகிறான்: கட்டடம், சொத்து, வங்கியிருப்பு, பங்களா, வண்டி. பிறகு, உன்னிடம் என்ன இருக்கிறது என்று தம்பியைக் கேட்கிறான். தம்பி நான்கே சொற்களில் விடை சொல்கிறான். அந்த விடையை அறியாத இந்தியர் அரிது என்பதால் இங்கே எழுதிக்காட்டத் தேவையில்லை. தாய் என்னிடம் இருக்கிறாள் என்பது அதன் பொருள்.

இந்த விடையைப் பற்றி எழுதப்பட்டவை ஏராளம். தாய்மை வழிபாடு, தேசத்தைத் தாயாகக் காணும் மரபு, குடும்பமும் அரசும் ஒன்றாகும் தருணம் என்றெல்லாம் விளக்கங்கள் உண்டு. அவற்றுள் எதையும் நான் மறுக்கவில்லை. ஆனால் தாயைப் போற்றும் வசனங்கள் இந்திப் படங்களில் ஆயிரக்கணக்கில் இருக்கின்றன. அவை மறைந்துபோக, இந்த ஒன்று மட்டும் ஏன் அரை நூற்றாண்டாக நிற்கிறது? இந்த விளக்கங்களில் எதுவும் இக்கேள்விக்கு விடை தருவதில்லை. விடை இலக்கணத்தில் இருக்கிறது.

இந்தியில் உடைமையைச் சொல்ல ஒன்றுக்கு மேற்பட்ட அமைப்புகள் உண்டு. உறவினர் இருப்பதைச் சொல்லும்போது இயல்பாக வருவது ஆறாம் வேற்றுமை: ‘என் ஓர் அண்ணன் உண்டு’ என்பது போன்ற அமைப்பு. கையிலுள்ள பொருளைச் சொல்லும்போது வருவது ‘பாஸ்’ என்னும் சொல். ‘பாஸ்’ என்பதன் அடிப்படைப் பொருள் ‘அருகில்’. பணம், வண்டி, பேனா ஆகியவை ‘என் அருகில்’ இருப்பவை. தமிழருக்கு இது விளங்க மெனக்கெட வேண்டியதே இல்லை, ஏனெனில் இதே வேறுபாட்டைத் தமிழ் வேறு உருபுகளால் காட்டுகிறது. ‘எனக்கு ஓர் அண்ணன் இருக்கிறார்’ என்கிறோம். ‘என்னிடம் பணம் இருக்கிறது’ என்கிறோம். உறவுக்கு ‘கு’, பொருளுக்கு ‘இடம்’. இரண்டையும் மாற்றிப் போட்டு ‘என்னிடம் ஓர் அண்ணன் இருக்கிறார்’ என்று சொல்லிப் பாருங்கள். கேட்பவர் ஒரு கணம் திகைப்பார். அண்ணனை எங்கே ஒளித்து வைத்திருக்கிறாய் என்றுகூடக் கேட்பார்.

இப்போது அக்காட்சிக்குத் திரும்புவோம். மூத்தவனின் பட்டியல் முழுவதும் பொருளுக்குரிய அமைப்பில் உள்ளது. அவனது கேள்வியும் அதே அமைப்பில்தான் உள்ளது. இளையவன் அந்த அமைப்பை மாற்றாமல், வண்டியும் பங்களாவும் நின்ற அதே இடத்தில் தாயை வைக்கிறான். ஆக, ஒரே வாக்கியத்தில் மூன்று செயல்கள் நடக்கின்றன. உன் கணக்கேட்டை நான் ஏற்கிறேன், அதிலேயே உன்னை வெல்கிறேன் என்பது ஒன்று. தாயைப் பொருளோடு சேர்த்து எண்ணும் உன் உலகம் எத்தகையது என்று காட்டுகிறேன் என்பது இன்னொன்று. மூன்றாவது, ‘அருகில்’ என்ற நேர்ப்பொருள். கதைப்படி தாய் மூத்தவனின் வீட்டைவிட்டு வெளியேறி இளையவனோடு வாழ்கிறாள். உண்மையிலேயே அவள் அவன் அருகில்தான் இருக்கிறாள். விஜய்க்கும் அவள் தாய்தான், அந்த உறவை யாராலும் பறிக்க இயலாது. அவன் இழந்தது அவளது அருகாமையை மட்டுமே. இழந்தது எதுவோ அதை மட்டும் துல்லியமாகச் சுட்டும் சொல் ‘பாஸ்’.

இன்னொன்றும் உண்டு. மூத்தவனின் பட்டியலில் பில்டிங், பிராப்பர்ட்டி, பேங்க் பேலன்ஸ் என்ற ஆங்கிலச் சொற்கள் வரிசைகட்டி நிற்கின்றன. அவனது செல்வம் வந்த வழி அவனது சொற்களில் தெரிகிறது. அதற்கு எதிரே வருவது குழந்தை முதலில் கற்கும் ஓரசைச் சொல்.

ஆங்கிலத் துணைவரியில் இவற்றில் எது எஞ்சுகிறது? ஆங்கிலத்தில் உறவுக்கும் பொருளுக்கும் ஒரே வினைச்சொல்தான். பட்டியலும் ஆங்கிலம், விடையும் ஆங்கிலம் என்று ஆகிவிடுவதால் சொல்லடுக்கின் முரணும் கரைந்துவிடுகிறது. எஞ்சுவது தாயைப் பற்றிய ஒரு பொன்மொழி. அதை வாசிக்கும் ஆய்வாளர் மிகையுணர்ச்சி நாடகத்தின் இலக்கணப்படி இது தாய்மை வழிபாடு என்று எழுதுகிறார். தன் கண்முன் உள்ள வரியைப் பொறுத்தவரை அவர் எழுதுவது சரியே. அந்த வரி படத்தில் இல்லை என்பதுதான் சிக்கல்.

2009இல் ஆஸ்கர் மேடையில் ஏ. ஆர். ரகுமான் இந்த வசனத்தை இந்தியிலேயே சொல்லி, அதன் பொருளை ஆங்கிலத்தில் விளக்கினார். ஏதுமில்லாவிட்டாலும் தாய் இங்கே என்னோடு இருக்கிறார் என்ற பொருள்பட அவர் சொன்னார். ‘ஏதுமில்லாவிட்டாலும்’ என்பதும் ‘இங்கே’ என்பதும் மூல வாக்கியத்தில் தனிச்சொற்களாக இல்லை. முன்னது எதிர்ப்பட்டியலிலிருந்து வருவது, பின்னது ‘பாஸ்’ என்பதற்குள் இருப்பது. துணைவரி விட்டுவிட்ட இரண்டையும் சென்னையிலிருந்து சென்ற ஓர் இசையமைப்பாளர், நன்றி சொல்லும் அவசரத்திலேயே, மீட்டுத் தந்துவிட்டார். முனைவர் பட்ட ஆய்வேடுகள் அந்த அளவுக்குக்கூட மெனக்கெடுவதில்லை.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு கருத்தரங்கில் ஏறத்தாழ இதே செய்தியை நான் கட்டுரையாக வாசித்தேன். அமர்வுத் தலைவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, “இது இரசிகர்களின் ஆர்வம், இதில் கோட்பாடு எங்கே?” என்றார். அரங்கில் மெல்லிய சிரிப்பு எழுந்தது. வேற்றுமை உருபுக்கும் உடைமைக் கருத்துக்கும் உள்ள தொடர்பு பற்றி மொழியியலில் ஒரு நூலகமே இருக்கிறது என்பது அங்கே யாருக்கும் கோட்பாடாகத் தோன்றவில்லை. ஐரோப்பிய மெய்யியலாளர் ஒருவரின் பெயர் வராத எதுவும் கோட்பாடாகாது என்ற நம்பிக்கையோடு வாதிட எனக்கு இப்போதும் ஆர்வமில்லை. ஆனால் ‘இரசிகர்’ என்ற சொல் அங்கே செய்த வேலையைக் கவனிக்க வேண்டும். வசனத்தை நினைவில் வைத்திருப்பவர் இரசிகர், வசனத்தை மறந்துவிட்டுச் சூழலை எழுதுபவர் ஆய்வாளர் என்பது அதன் உட்பொருள்.

அந்த இரசிகர்கள் செய்ததைப் பார்ப்போம். ‘ஷோலே’ வெளியான பின் பாலிடார் நிறுவனம் அப்படத்தின் வசனங்களை இசைத்தட்டாக வெளியிட்டது. அது பெரும் விற்பனை கண்டது. பாட்டுக்காக அன்றிப் பேச்சுக்காக மக்கள் காசு கொடுத்து ஓர் இந்திப் பட இசைத்தட்டை வாங்கினார்கள். படம் இல்லை, நடிகரின் முகம் இல்லை, எழுபது மில்லிமீட்டர் திரையும் இல்லை. எழுத்தும் குரலும் மட்டுமே. ‘பராசக்தி’, ‘மனோகரா’ வசனங்களை ஒலிபெருக்கியில் கேட்டு வளர்ந்த தமிழ்நாட்டுக்கு இது புதிதன்று. வசனத்தைத் தனித்த ஓர் இலக்கிய வடிவமாகக் கேட்கும் பழக்கம் நமக்கு 1950களிலேயே வந்துவிட்டது. இந்தி பேசும் நிலத்தில் அந்த நிலையை இவ்வளவு பரவலாக எட்டிய படம் ‘ஷோலே’. மக்கள் அதை ஒரு பனுவலாக ஏற்றார்கள். பல்கலைக்கழகம் இன்னும் ஏற்கவில்லை.

‘ஷோலே’ கதையின் பல கூறுகள் கடன் வாங்கப்பட்டவை என்பார்கள். உண்மைதான். குரோசாவாவின் சாமுராய்கள், அமெரிக்க, இத்தாலியக் குதிரைவீரர் படங்கள், சில ஆண்டுகளுக்கு முன் வந்திருந்த ‘மேரா காவ்ன் மேரா தேஷ்’ என்று மூலங்களை எளிதில் அடுக்கலாம். இந்தக் கண்டுபிடிப்போடு விமரிசனம் முடிந்துவிட்டதாக நினைப்பவர்களுக்கு என் எதிர்க்கேள்வி: கதை எங்கிருந்தும் வரலாம், பேச்சு எங்கிருந்து வந்தது?

ராம்கட் என்ற ஊர் எந்த மாநிலத்தில் இருக்கிறது என்று படம் சொல்வதில்லை. படம்பிடிக்கப்பட்டதோ பெங்களூருக்கு அருகே ராமநகரத்துப் பாறைகளில். அதாவது, திரையில் தெரியும் நிலம் கன்னட நிலம். அதை வட இந்தியாவாக நம்பவைப்பது பேச்சு ஒன்றே. அந்தப் பேச்சு ஒருபடித்தானதும் அன்று. முன்னாள் காவல் அதிகாரியான டாக்கூர் அளந்து பேசும் செம்மையான இந்துஸ்தானி. கப்பர் சிங்கின் நாவில் அவதி வாடை வீசும் நாட்டுப்புறப் பேச்சு. சூர்மா போப்பாலியிடம் போபால் நகரத்து உருதுவின் இழுவை. பார்வையற்ற இமாமிடம் மென்மையான உருது. குதிரைவண்டி ஓட்டும் பசந்தியிடம், நான் அதிகம் பேசுபவள் அல்லள் என்று சொல்லிக்கொண்டே நிற்காமல் ஓடும் பேச்சு. ஜாவேத் அக்தர் போபாலில் கல்லூரியில் படித்தவர், சலீம் கான் இந்தூரில் பிறந்தவர். காதால் சேர்த்துவைத்த ஒரு மொழிப்படத்தை அவர்கள் வணிகப் படத்துக்குள் விரித்தார்கள். நடுவில் ஜெய் என்ற பாத்திரம் கிட்டத்தட்ட பேசுவதே இல்லை. இத்தனை பேச்சுக்கு நடுவே அந்த மௌனம் தனியே ஒரு வழக்காக ஒலிக்கிறது.

கப்பர் சிங் தோன்றும் முதல் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். அவன் வாய்திறந்து கேட்பது, வந்தவர்கள் எத்தனை பேர் என்ற கேள்வி. விடை அவனுக்கு முன்பே தெரியும். நன்னூலார் வகுத்த ஆறு வினாக்களில் இதற்குப் பெயர் அறிவினா. விடை அறிந்தே பிறரிடம் கேட்பது. ஆசிரியர் மாணவரிடம் கேட்பது, காவலர் பிடிபட்டவரிடம் கேட்பது. அறிவினா எழுப்புகிறவர் அதிகாரத்தில் இருக்கிறார், விடை சொல்கிறவர் தேர்வு எழுதுகிறார். ஒரு கொள்ளைக்காரனின் கொடூரத்தைக் காட்ட அன்றைய இந்திப் படங்கள் உருட்டிய விழியையும் உறுமலையும் நம்பியிருந்தன. இவர்கள் ஒரு வினாவகையை நம்பினார்கள். அக்காட்சி முழுவதும் கேள்விகளாலும் எண்ணிக்கைகளாலும் ஆனது; துப்பாக்கியில் எத்தனை குண்டு, ஆள் எத்தனை பேர் என்று ஒரு கணக்கு வகுப்புப் போல நடந்து, சிரிப்பில் ஏறிக் கொலையில் முடிகிறது. அம்ஜத் கானின் குரல் பெரிதுதான். ஆனால் குரல் ஏறி நடப்பதற்கு முதலில் ஒரு படிக்கட்டு வேண்டும்.

நண்பனுக்குப் பெண் கேட்டு ஜெய் பசந்தியின் பெரியம்மாவிடம் பேசும் காட்சி இன்னொன்று. பெரியம்மா எழுப்பும் ஒவ்வோர் ஐயத்துக்கும் அவன் நண்பனுக்குச் சார்பாகவே பதில் சொல்கிறான். சூதாடுவான் என்கிறாயா? குடித்தால் மட்டும்தான். குடிப்பானா? அந்த வகையான வீட்டுக்குப் போகும்போதுதான். வடிவத்தில் ஒவ்வொரு விடையும் தற்காப்பு, பொருளில் ஒவ்வொரு விடையும் அடுத்த குற்றச்சாட்டு. சொல்லப்பட்டதற்கும் உணர்த்தப்பட்டதற்கும் உள்ள இடைவெளியைப் பயன்வழியியல் வகுப்பில் விளக்குவதற்கு இதைவிடத் தெளிவான பாடம் எனக்குக் கிடைத்ததில்லை. தமிழ் அணி நூலார் இதை வஞ்சப்புகழ்ச்சி என்று உடனே அடையாளம் கண்டிருப்பார்கள். நம் திரைப்பட ஆய்வாளர்கள் இதை ‘நகைச்சுவைப் பகுதி’ என்று கடந்துபோகிறார்கள்.

இனி, நெருக்கடி நிலை.

‘ஜஞ்சீர்’ வெளியானது 1973 மே மாதம். ‘தீவார்’ வெளியானது 1975 ஜனவரி 24. நெருக்கடி நிலை அறிவிக்கப்பட்டது அதே ஆண்டு ஜூன் 25. ‘ஷோலே’ ஆகஸ்ட் 15இல் வெளியானாலும் அதன் படப்பிடிப்பு 1973 அக்டோபரிலேயே தொடங்கிவிட்டது. இவ்வளவு எளிய காலவரிசை இருக்க, சலீம்–ஜாவேத்தின் நாயகனை ‘நெருக்கடி நிலையின் குழந்தை’ என்று எழுதும் கட்டுரைகள் இன்றும் வந்துகொண்டிருக்கின்றன. கவனமான ஆய்வாளர்கள் 1974இன் ரயில்வே வேலைநிறுத்தத்தையும் குஜராத், பீகார் கிளர்ச்சிகளையும் சுட்டுவார்கள். அது நேர்மையான வாதம். ஆனால் அந்தச் சூழலில் நூற்றுக்கணக்கான படங்கள் வந்தன. சூழல் எல்லாருக்கும் பொது. ஒரு காட்சியைச் சூழல் எழுதித் தராது.

நெருக்கடி நிலை ‘ஷோலே’க்குச் செய்தது ஒன்று உண்டு. கைகளை இழந்த டாக்கூர் தன் கால்களாலேயே கப்பரைக் கொல்வதாக எழுதப்பட்டிருந்த முடிவைத் தணிக்கை ஏற்கவில்லை. காவலர் வந்து தடுத்து, கப்பரைச் சட்டத்திடம் ஒப்படைப்பதாக முடிவு மாற்றப்பட்டது. அரை நூற்றாண்டு நாம் பார்த்தது அந்த முடிவைத்தான். 2025 ஜூனில் இத்தாலியின் பொலோஞா நகரத் திரைவிழாவில் மீட்டெடுக்கப்பட்ட படி, எழுதப்பட்ட முடிவோடு திரையிடப்பட்டது. இதில் உள்ள முரணைப் பாருங்கள். அரசு தலையிட்டு எழுத்தை வெட்டியது. ஆய்வுலகமோ அந்த அரசின் காலத்தையே படத்தின் ஆசிரியராக்கிவிட்டது.

இந்த மனப்போக்குக்கு ஒரு கோட்பாட்டு அடித்தளமும் உண்டு. எம். மாதவ பிரசாத் 1998இல் வெளியிட்ட இந்தித் திரைப்படக் கருத்தியல் பற்றிய நூல் இத்துறையில் எல்லாரும் படித்தே ஆக வேண்டிய ஒன்று. நானும் அதிலிருந்து நிறையக் கற்றேன். இந்திப் படம் ஒரே மையத்திலிருந்து உருவாவதில்லை, கதை, வசனம், பாட்டு, நடனம், சண்டை என்று தனித்தனித் திறனாளர்கள் செய்து தரும் உறுப்புகளை ஒன்றுசேர்த்தே உருவாகிறது, கதை அவ்வுறுப்புகளில் ஒன்று மட்டுமே என்பது அவரது வாதம். உற்பத்திமுறை பற்றிய மிகக் கூர்மையான அவதானிப்பு அது. ஆனால் அடுத்த தலைமுறையின் கைகளில் அது ஒரு சலுகைச்சீட்டாகிவிட்டது. எழுத்துக்கு மையம் இல்லை என்றால் எழுத்தைப் படிக்கவும் வேண்டியதில்லை அல்லவா? சலீம்–ஜாவேத்தோ அந்த முறைக்கு எதிராகவே தங்களை நிறுவிக்கொண்டவர்கள். சிப்பி நிறுவனத்தின் கதைப் பிரிவில் மாதச் சம்பளத்துக்கு எழுதிய காலத்திலிருந்து, கதை, திரைக்கதை, வசனம் மூன்றும் பிரிக்க முடியாத ஒரே எழுத்து என்ற நிலைக்கு அவர்கள் வந்தார்கள். பிலிம்ஃபேர் இம்மூன்றுக்கும் தனித்தனி விருது வைத்திருந்தது. ‘தீவார்’ படத்துக்காக மூன்றையும் அவர்களே பெற்றார்கள். உறுப்புகளை ஒட்டும் முறைக்கு அவர்கள் விதிவிலக்கு என்றாவது சொல்லியிருக்கலாம்.

எழுத்தைப் படிக்காததால் தவறவிட்ட ஒரு வரலாறும் உண்டு. ‘மதர் இந்தியா’ (1957) படத்துக்கு வசனம் எழுதியவர்கள் வஜாஹத் மிர்சாவும் எஸ். அலி ராசாவும். ஒரு சகோதரன் கொள்ளைக்காரன், மற்றவன் காவலன் என்று அமைந்த ‘கங்கா ஜமுனா’ (1961) வசனம் மீண்டும் வஜாஹத் மிர்சா. அதை அவர் கிழக்கத்திப் பேச்சுவழக்கிலேயே எழுதினார். ‘தீவார்’ இவ்விரு படங்களின் பேரப்பிள்ளை என்பதை அதை எழுதியவர்களே மறைத்ததில்லை. மெஹ்பூப் கான், நிதின் போஸ், யஷ் சோப்ரா என்று இயக்குநர்களைக் கோத்தால் இந்தத் தொடர்ச்சி தெரியாது. எழுதியவர்களைக் கோத்தால் தெரியும். அந்தக் கோவை உருது வழியாகச் செல்கிறது. ஜாவேத் அக்தர் இன்றும் உருது எழுத்தில் எழுதுபவர். இவர்கள் எழுதிய படங்கள் பெரும்பாலும் ‘இந்தி’ என்ற சான்றிதழோடு வெளிவந்தன. எந்த மொழியில் எழுதப்பட்டது என்பதையே சான்றிதழைப் பார்த்துத் தெரிந்துகொள்ளும் ஓர் ஆய்வுத்துறை, எழுதியவரின் கொடையை எதைக்கொண்டு அளக்கும்?

சட்டமும் இதில் துணைநிற்கவில்லை. 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின்படி ஒரு திரைப்படத்தின் ‘ஆசிரியர்’ அதன் தயாரிப்பாளர். 2012இல் வந்த திருத்தம், படத்தில் இடம்பெறும் இலக்கிய, இசைப் படைப்பாளிகளின் உரிமத்தொகை உரிமையைப் பறித்துக்கொள்ள முடியாதபடி காத்தது. அதற்காக மாநிலங்களவையில் வாதாடியவர்களுள் ஜாவேத் அக்தரும் ஒருவர். ஆயினும் ‘ஆசிரியர்’ என்ற சொல் தயாரிப்பாளரிடமே இருக்கிறது. சட்டத்துக்கு ஆசிரியர் தயாரிப்பாளர், பல்கலைக்கழகத்துக்கு இயக்குநர், மக்களுக்கு நடிகர். எழுதியவருக்கு எஞ்சுவது சுவரொட்டியில் தன் பெயரைத் தானே எழுதிக்கொள்வது. அதைத்தான் அவர்கள் செய்தார்கள். நாம் அதைச் சுவையான துணுக்காகச் சொல்லிச் சிரிக்கிறோம்.

என் தரப்பில் சில எல்லைகளையும் சொல்லவேண்டும். சலீம்–ஜாவேத் எழுத்தில் பெண்களுக்குப் பெரும்பாலும் தாய் அல்லது காத்திருப்பவள் என்ற இடமே கிடைத்தது. பசந்தி அரிய விலக்கு. 1980ஐ நெருங்கும்போது அவர்களது சூத்திரம் அவர்களுக்கே தளர்ந்துவிட்டது. 2024இல் வெளிவந்த ‘ஆங்ரி யங் மென்’ ஆவணத்தொடரில் இவை லேசாகத் தொட்டுச் செல்லப்பட்டன. அவர்களின் பிள்ளைகளே தயாரித்த படைப்பிடம் அதற்குமேல் எதிர்பார்ப்பது நியாயமும் இல்லை. ஆராதனையைக் குடும்பம் பார்த்துக்கொள்ளும். ஆய்வு நம் வேலை.

நான் கேட்பது பெரிதும் இல்லை. ஒரு மொழியின் படங்களை ஆய்வுப் பொருளாக எடுப்பவர் அம்மொழியைக் கேட்டுப் புரிந்துகொள்ள வேண்டும். ஆய்வேட்டில் ஒரு வசனத்தை மேற்கோள் காட்டினால் மூலமொழியில் காட்டி, தன் மொழிபெயர்ப்பை அதனருகே வைக்கவேண்டும். காளிதாசன் பற்றி வடமொழி அறியாமல் முனைவர் பட்டம் கேட்டால் எந்தத் துறை பதிவு செய்யும்? திரைப்படம் என்றவுடன் அந்த நிபந்தனை தளர்ந்துபோவதற்கு, அதில் உள்ளது மொழியே அன்று என்ற எண்ணத்தைத் தவிர வேறு காரணம் எனக்குத் தெரியவில்லை. ‘காட்சி ஊடகம்’ என்ற தொடரைக் கேடயமாகத் தூக்குபவர்கள் தயவுசெய்து ‘தீவார்’ படத்தை ஒலியை நிறுத்திவிட்டு ஒருமுறை பார்க்கவும்.

தமிழ்த் திரைப்பட ஆய்வும் இதற்கு விலக்கில்லை. சலீம்–ஜாவேத்தின் படங்கள் தமிழுக்கு வந்த வரிசை பெரியது: ‘ஜஞ்சீர்’ ‘சிரித்து வாழ வேண்டும்’ (1974) ஆனது, ‘டான்’ ‘பில்லா’ (1980) ஆனது, ‘தீவார்’ ‘தீ’ (1981) ஆனது, ‘திரிசூல்’ ‘மிஸ்டர் பாரத்’ (1986) ஆனது. இவற்றுள் பிந்திய மூன்றையும் ரஜினிகாந்த் என்னும் நட்சத்திரத்தின் எழுச்சியாக மட்டுமே படித்திருக்கிறோம். கதை இந்தியிலிருந்து வந்தது. பேச்சு வர முடியாது, அதை இங்கே ஒருவர் புதிதாக எழுதியாக வேண்டும். ‘பில்லா’வுக்கு வசனம் எழுதிய ஏ. எல். நாராயணன், ‘மிஸ்டர் பாரத்’துக்கு எழுதிய விசு ஆகியோர் மூலத்தின் எந்த அசைவுக்குத் தமிழில் என்ன ஈடு கண்டார்கள், எங்கே கைவிட்டார்கள், எங்கே மூலத்தை விஞ்சினார்கள் என்று இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்த ஆய்வு எதையும் நான் இதுவரை கண்டதில்லை. உறவுக்கும் உடைமைக்கும் இந்தியைப் போலவே வேறுபாடு காட்டும் ஒரு மொழியில் இந்த ஒப்பீடு என்னவெல்லாம் தரும் என்று எண்ணும்போதே எனக்குப் பரபரப்பாக இருக்கிறது.

அந்த வேலையை இந்தப் பருவத்தில் தொடங்கியிருக்கிறேன். முதற்கட்டமாக நான்கு தமிழ்ப் படங்களின் வசனங்களையும் முழுமையாகக் கேட்டு எழுதி வருகிறேன். இணையத்தில் கிடைக்கும் படிகளில் பல இடங்களில் ஒலி வெட்டுப்பட்டிருக்கிறது. ‘தீ’, ‘மிஸ்டர் பாரத்’ இரண்டின் கதை-வசன ஒலிநாடாவோ அக்காலத்து வசனப் புத்தகமோ உங்களில் யாரிடமாவது இருந்தால் உள்பெட்டியில் தெரிவியுங்கள். படியெடுத்துக்கொண்டு பத்திரமாகத் திருப்பித் தருகிறேன்.